மலைக்கு முந்திய மணி

செஞ்சியில் பொழுது இரண்டு தடவை சாயும். முதலில் சூரியன் ராஜகிரி மலைக்குப் பின்னால் போய் ஒளிந்துகொள்ளும். கடைத்தெரு முழுக்க நிழல் விழுந்துவிடும், ஆனால் வானத்தில் வெளிச்சம் அப்படியே இருக்கும். பஞ்சாங்கத்தில் போட்டிருக்கிற நிஜ அஸ்தமனம் வர இன்னும் அரை மணி நேரம் ஆகும். ஊர்க்காரர்கள் இதைப் பெரிதாக நினைப்பதில்லை. வெயில் தணிந்தால் சரி என்று கடை வாசலில் தண்ணீர் தெளிக்கப் போய்விடுவார்கள். இந்த அரை மணி நேரத்தால் ஒரு பெண்ணின் படிப்பு நின்றுபோக இருந்தது என்று சொன்னால் சிரிப்பார்கள். அதை நிற்காமல் காப்பாற்றியவள் பள்ளிக்கூடத்துத் தண்ணீர்க்கார அம்மாக்கண்ணு என்று சொன்னால் இன்னும் பலமாகச் சிரிப்பார்கள். சிரித்துவிட்டுப் போகட்டும்.

அம்மாக்கண்ணுவுக்கு அப்போது முப்பத்தைந்து வயதிருக்கும். தினமும் சிங்கவரத்திலிருந்து நடந்து வருவாள். பள்ளிக்கூடக் கிணற்றில் இறைத்து வகுப்புக்கு ஒரு பானை நிரப்பி வைப்பதுதான் அவளுக்குக் கொடுத்த வேலை. மணி அடிப்பது பியூன் செல்லப்பனின் வேலை. ஆனால் தபால் வாங்கப் போகிற செல்லப்பன் தபாலாபீசைக் கட்டி முடித்துவிட்டு வருவது போல நேரமாக்குவார். அதனால் வேப்பமரத்தில் தொங்கிய தண்டவாளத் துண்டும் அம்மாக்கண்ணுவின் பொறுப்பாகிவிட்டது. மூன்றாம் வகுப்போடு படிப்பை விட்டவள்தான். ஆனாலும் ஆபீஸ் சுவர்க் கடிகாரத்தில் நேரம் பார்க்க ஒரே வாரத்தில் பழகிக்கொண்டாள். எட்டு வருஷமாகியும் வேலை நிரந்தரமாகவில்லை. 'டெம்பரரி' என்கிற ஆங்கிலச் சொல்லுக்கு அர்த்தம் அவளுக்கு நன்றாகவே தெரியும். மகா கோபக்காரி. டம்ளரோடு கையையும் சேர்த்துப் பானையில் விடுகிற பையன், தலைமையாசிரியர் மகனாக இருந்தாலும் குட்டு வாங்காமல் போனதில்லை.

அந்த 1963ஆம் வருஷம் நீலாவதி பதினோராம் வகுப்பு படித்தாள். மேல்சித்தாமூரில் நிலம் வைத்துப் பயிர் செய்கிற சமணக் குடும்பத்துப் பெண். நாற்பது பேர் வகுப்பில் பெண்கள் நான்கே பேர். மற்ற மூவரும் செஞ்சியிலேயே இருந்தார்கள். இவள் மட்டும் பஸ்ஸில் வந்து போனாள். அவள் வீட்டில் பொழுது சாய்ந்த பிறகு யாரும் சாப்பிட மாட்டார்கள். தலைமுறை தலைமுறையாக வந்த வழக்கம். அதில் பெரியவர் சிறியவர் என்கிற பேச்சே கிடையாது. மேல்சித்தாமூரில் சூரியன் வயல்களுக்கு அப்பால் எல்லோரும் பார்க்க இறங்கும். கண்ணுக்குத் தெரிகிறவரை சாப்பிடலாம், மறைந்தால் வாயைக் கழுவிவிட வேண்டும். அவ்வளவு எளிய கணக்கு.

டிசம்பரில் அரசுத் தேர்வுக்காகச் சிறப்பு வகுப்பு தொடங்கியதும் கணக்கு சிக்கலாகிவிட்டது. நாலரை மணிக்குப் பள்ளி முடியும். அந்த மணியோசை அடங்குவதற்குள் கணக்கு வாத்தியார் ராஜகோபால் கரும்பலகையில் பாதி எழுதியிருப்பார். விடுவது ஆறேகாலுக்கு. பஸ் பிடித்து வீடு சேர்ந்தால் நன்றாக இருட்டியிருக்கும். அவளுடைய நைனா யோசித்துப் பார்த்துவிட்டுத்தான் சம்மதித்தார்.

"ரெண்டு வேளைக்கும் கட்டிக்குடுத்துடுவாங்க. பொழுதோட சாப்டுடணும். அது முடியலன்னா படிப்பு வேணாம்மா, ஊட்லயே இருந்துக்கலாம்" என்றார்.

நல்ல மனிதர், கோபமாகச் சொல்லவில்லை. கோபமாகச் சொல்லாததால்தான் அது நடந்துவிடும் என்று நீலாவதிக்குத் தெரிந்தது.

முதல் நாளே சாப்பிடப் போக அனுமதி கேட்க எழுந்து நின்றாள். வாத்தியார் சாக்பீசோடு திரும்பி என்ன என்று கேட்டார். முப்பத்தொன்பது தலைகளும் திரும்பின. பசிக்கிறது, எங்கள் வீட்டில் இப்படி, அதனால் என்னை மட்டும் விடுங்கள் என்று அத்தனை பேர் முன்னால் எப்படிச் சொல்வது? ஒன்றுமில்லை சார் என்று உட்கார்ந்துவிட்டாள். அதற்குப் பிறகு அவள் எழுந்திருக்கவே இல்லை. பகல் ஒரு மணிக்குச் சாப்பிட்டால் மறுநாள் காலையில்தான் அடுத்த வேளை. வீட்டில் கேட்டால் சாப்பிட்டேன் என்று சொல்லிவிடுவாள். சோற்றுத் தூக்கு காலியாகத்தானே போகிறது, யாருக்குச் சந்தேகம் வரும்?

தூக்கு எப்படிக் காலியானது என்பதை அந்த வாரக் கடைசியில் அம்மாக்கண்ணு பார்த்தாள். வகுப்பறைகளைப் பூட்டிக்கொண்டு வந்தவள், மதிலோரம் நின்ற ஆட்டுக்கு ஒரு பெண் நெய் மணக்கிற பருப்புச் சோற்றைக் கொட்டுவதைக் கண்டாள். சோறு வீணாவதைப் பார்த்தால் அவளுக்கு ரத்தம் கொதித்துவிடும்.

"இன்னா பொண்ணே, கொழுப்பா? ஆட்டுக்கு நெய்ச்சோறு கேக்குதா?"

நீலாவதி அழுதுவிட்டாள். அழுகையோடு அழுகையாக எல்லாவற்றையும் சொன்னாள். நைனாவுக்குத் தெரிந்தால் நாளையிலிருந்து பள்ளிக்கூடம் இல்லை, யாரிடமும் சொல்லாதீர்கள் அக்கா என்று கையைப் பிடித்துக்கொண்டாள். அம்மாக்கண்ணு தட்டிக்கொடுக்கவில்லை, ஆறுதலும் சொல்லவில்லை. வாய் இருந்து என்ன பிரயோஜனம் என்று நன்றாகத் திட்டி, பஸ் போய்விடும் ஓடு என்று விரட்டினாள்.

திங்கட்கிழமை சிறப்பு வகுப்பு நடுவில், ஐந்தேகாலுக்கு, தண்டவாளம் கணீரென்று ஒலித்தது. யாருக்கும் ஒன்றும் புரியவில்லை. இடுப்பில் குடத்தோடு அம்மாக்கண்ணு வாசலில் வந்து நின்று, பிள்ளைகள் தண்ணீர் குடிக்க மணி என்றாள். யார் சொன்னது என்று ராஜகோபால் கேட்க வாயெடுத்தார். நாள் முழுக்கக் கத்திய தொண்டை. கேள்விக்கு முன்னால் இருமல் வந்தது. அம்மாக்கண்ணு முதல் டம்ளரை அவரிடமே நீட்டினாள். இரண்டு டம்ளர் குடித்த பிறகு அவருக்குக் கேள்வி மறந்துவிட்டது. வகுப்பு முழுவதும் எழுந்து வெளியே போனது. நாற்பது பேரில் ஒருத்தியாக நீலாவதியும் தூக்கை எடுத்துக்கொண்டு போனாள். யாரும் திரும்பிப் பார்க்கவில்லை. அம்மாக்கண்ணு செய்த காரியத்தின் அழகே அதுதான்.

ஆனால் அன்றைக்கும் அவள் சாப்பிடவில்லை. வெளியே வந்து மேற்கே பார்த்தாள். சூரியன் மலைக்குப் பின்னால் போய்விட்டிருந்தது. தூக்கை மறுபடி மூடினாள். பஞ்சாங்கப்படி இன்னும் நேரம் இருக்கிறதே என்று நாம் சொல்லலாம். கண்ணுக்குத் தெரிகிறவரைதான் என்று வளர்ந்த பெண் அவள். மலை மறைத்தாலும் மறைவு மறைவுதான். அம்மாக்கண்ணு அவளிடம் வாதாடவில்லை. மலையை ஒரு முறை பார்த்தாள், தூக்கை ஒரு முறை பார்த்தாள், குடத்தோடு போய்விட்டாள்.

மறுநாளிலிருந்து அந்தத் தண்ணீர் மணிக்கு மட்டும் அவள் கடிகாரத்தைப் பார்ப்பதில்லை. கையை நீட்டிப் பிடித்து, மலை உச்சிக்கும் சூரியனுக்கும் நடுவில் இரண்டு விரல் இடம் இருக்கும்போதே அடித்துவிடுவாள். நீலாவதி வேப்பமரத்தடியில் உட்கார்ந்து நிதானமாகச் சாப்பிட்டு வாய் கழுவி முடிக்க அது போதும். சமணர்கள் தண்ணீரை வடிகட்டித்தான் குடிப்பார்கள் என்று எங்கேயோ கேட்டுக்கொண்டு, அந்த வகுப்புப் பானையின் வாயில் ஒரு வெள்ளைத் துணியையும் இரண்டு மடிப்பாகக் கட்டிவைத்தாள்.

இரண்டு மாதம் இப்படியே நல்லபடியாகப் போயிற்று. நீலாவதியின் கன்னத்தில் சதை பிடித்தது. கணக்கில் எழுபது வாங்கினாள். வயிற்றில் சோறு விழுந்தால் தலையில் கணக்கு ஏறும் என்பதை வாத்தியார் கவனிக்கவில்லை. அவர் கவனித்தது வேறு. மணி ஒரு நாள் அடித்த நேரத்தில் மறுவாரம் அடிக்கவில்லை. ஐந்துக்கு அடித்தது, ஐந்து பத்துக்கு அடித்தது, பிறகு ஐந்து இருபதுக்கு. சட்டைப்பை நோட்டில் தேதி போட்டுக் குறித்துக்கொண்டே வந்தார். பிப்ரவரி முதல் வாரத்தில் நோட்டோடு தலைமையாசிரியரிடம் போனார். இந்த அம்மாவுக்குக் கடிகாரம் பார்க்கத் தெரியவில்லை, அடுத்த மாதம் அரசுத் தேர்வு, தேர்வு மணியை ஐந்து நிமிஷம் முன்னேபின்னே அடித்துவிட்டால் பிள்ளைகள் கதி என்ன என்று கேட்டார். கேள்வியில் நியாயம் இருந்தது, அதுதான் கஷ்டம்.

சிறப்பு வகுப்பு நேரத்திலேயே விசாரணை நடந்தது. ஹால் டிக்கெட்டில் கையெழுத்துப் போட ஆபீசுக்கு அனுப்பப்பட்ட நீலாவதி கதவோரம் நின்று எல்லாவற்றையும் கேட்டாள். ஏன் இப்படி என்று தலைமையாசிரியர் மூன்று தடவை கேட்டார். அம்மாக்கண்ணு தரையைப் பார்த்துக்கொண்டு, கண் கொஞ்சம் மங்கலாக இருக்கிறது ஐயா என்றாள். ஊசியில் நூல் கோக்கிற கண் அது. அப்படியானால் திங்கட்கிழமையிலிருந்து வேறு ஆளைப் பார்த்துக்கொள்கிறோம் என்றார் அவர். அவள் சரி என்று தலையாட்டினாள்.

நீலாவதி யோசித்தாள். வாயைத் திறந்தால் பள்ளிக்கூடம் முழுக்கத் தெரிந்துவிடும். பெற்றோருக்குத் தெரியாமல் எப்படி என்று தலைமையாசிரியர் நைனாவுக்கு எழுதிப் போடுவார். ஒரு வாரம் பட்டினி கிடந்து பொய் சொன்னதும் வெளியே வரும். தேர்வுக்கு ஒரு மாதம் இருக்கும்போது படிப்பு நின்றுவிடும். பேசாமல் திரும்பி நாலு அடி நடந்தாள். தனக்காக வேலையையே விடத் தயாராக நிற்கிறவளை அப்படியே விட்டுவிட்டுப் போக அவளால் முடியவில்லை. திரும்பி வந்து உள்ளே நுழைந்தாள்.

"சார், அக்காவுக்கு மணி பாக்கத் தெரியும். மலையப் பாத்து அடிக்கிறாங்க. எனக்காக அடிக்கிறாங்க" என்றாள்.

பிறகு எல்லாவற்றையும் சொன்னாள், ஆட்டுக்குப் போட்டது உட்பட. ராஜகோபால் நோட்டைப் பிரித்துத் தன் கையெழுத்தையே முதலிலிருந்து படித்தார். நேரம் ஒரு நாள்கூடப் பின்னால் போகவில்லை. பொழுது நீள நீள, நாளுக்கு அரை நிமிஷம் வீதம் ஒழுங்காக ஏறிக்கொண்டே வந்திருந்தது. கணக்கு வாத்தியாருக்கு அது தெரியாமல் போனதில் அவர் முகம் சிறுத்துவிட்டது.

"வரிசையா எழுதியிருக்கேன், வரிசையா பாக்கலை. தப்பு என்னுது" என்றார் தலைமையாசிரியரிடம்.

தலைமையாசிரியர் சுவர்க் கடிகாரத்தைக் காட்டி இப்போது என்ன நேரம் என்று அம்மாக்கண்ணுவிடம் கேட்டார்.

"அஞ்சி இருபத்திரெண்டுன்னு காட்டுதுங்கையா. ரெண்டு நிமிஷம் ஸ்லோவா போவுது, நாலு நாளா சொல்லணும்னு இருந்தேன்" என்றாள். பிறகு ஜன்னல் பக்கம் எட்டிப் பார்த்து, "பொழுது மலையண்ட வந்துடுச்சிங்க. பெல் அடிச்சிட்டு வந்து நிக்கட்டுமா?"

அவர் போகச் சொல்லிக் கையை அசைத்தார். அவள் ஓடினாள்.

மேல்சித்தாமூருக்குக் கடிதம் போகத்தான் போனது. ஆனால் அதில் எழுதியிருந்தது வேறு: உங்கள் மகள் சாப்பிடுவதற்காகச் சிறப்பு வகுப்பில் நேரம் ஒதுக்கப்பட்டிருக்கிறது. அடுத்த வாரம் நைனா பஸ் ஏறி வந்தார். தன் நிலத்தில் விளைந்த வேர்க்கடலை, ஒரு மூட்டை மல்லாட்டையைத் தண்ணீர்ப் பானைகளுக்குப் பக்கத்தில் இறக்கிவைத்துவிட்டு, அம்மாக்கண்ணுவைப் பார்த்துக் கைகூப்பினார். அவள் மூட்டையைப் பார்த்து, இத்தனையை யார் சிங்கவரத்துக்குச் சுமப்பது என்று திட்டினாள்.

நீலாவதி தேறினாள். ஆசிரியர் பயிற்சி முடித்தாள். இரண்டு வருஷம் வேறு ஊரில் இருந்துவிட்டு, 1968இல் அதே பள்ளிக்கு டீச்சராக வந்து சேர்ந்தாள். அம்மாக்கண்ணுவுக்கு அதற்குள் வேலை நிரந்தரமாகியிருந்தது, கோபமும்தான்.

அந்த டிசம்பரில் எட்டாம் வகுப்புக்கு நீலாவதி முதன்முதலாக மாலை வகுப்பு எடுத்தாள். மலையைப் பார்த்தாள், சூரியனுக்குக் கீழே இரண்டு விரல் இடம் இருந்தது. நினைக்கும்போதே மணி அடித்தது. பிள்ளைகள் எழுந்து ஓடினார்கள். அவள் அம்மாக்கண்ணுவிடம் போய், இந்த வருஷம் வகுப்பில் சமணப் பிள்ளைகள் யாரும் இல்லையே அக்கா, இன்னும் எதற்கு மலையைப் பார்த்து அடிக்கிறீர்கள் என்று கேட்டாள்.

"யாருக்கு இன்னா கஷ்டம்னு நமக்கு இன்னா தெரியும், டீச்சரம்மா? எவளாவது ஒருத்தி சொல்லாம உக்காந்திருப்பா" என்றாள் அம்மாக்கண்ணு. "நீ சொன்னியா?"

இந்த ஒருத்தி இல்லாவிட்டால் தான் இன்றைக்கு எங்கே இருந்திருப்போம் என்று நீலாவதி நினைத்துக்கொண்டாள். தண்ணீர் குடிக்கலாம் என்று டம்ளரை எடுத்தாள். பானையின் வாயில் வெள்ளைத் துணி இரண்டு மடிப்பாகக் கட்டியிருந்தது.