இலை கருகிய அந்தூரியங்கள்

பாலாவிக்கு அருகே மர்ளியாவின் வீட்டுப் பின்புறத்தில், நிழல் வலைக்குக் கீழே நாற்பது சட்டிகளில் அந்தூரியம் இருந்தது. தொண்ணூறில் மன்னாரிலிருந்து விரட்டப்பட்டு, உடுத்த உடுப்போடு வந்தவள் அவள். யுத்தம் முடிந்த பிறகு சொந்தக் காணியில் வீடு கட்டியதும் முதலில் வளர்த்தது இந்தச் செடிகளைத்தான். தேங்காய்ப் பொச்சுமட்டைத் துண்டுகளும் உடைந்த ஓடும் நிரப்பிய சட்டிகளில், வேர் அழுகாதபடி அளவாகத் தண்ணீர் ஊற்றுவாள். பக்கக் கன்று விட்டால் பிரித்துக் கொடுத்துவிடுவாள். ஏழு வீடுகளுக்குக் கன்றுகள் போயிருந்தன.

இரண்டாயிரத்துப் பதினாலில் மழை பொய்த்தது. இலைகளின் ஓரம் கருகி, பூக்கள் சிறுத்தன. பூஞ்செடி விற்கும் ஹமீட் வந்து பார்த்துவிட்டு, இது தொற்றுநோய், எல்லாவற்றையும் எரித்துவிடுங்கள், கன்று வாங்கியவர்களுக்கும் சொல்லிவிடுங்கள் என்றார்.

எரிப்பதைக்கூட அவள் தாங்கிக்கொள்வாள். கன்றோடு நோயையும் கொடுத்துவிட்டோமே என்பதுதான் சோற்றை இறங்கவிடவில்லை.

மறுநாள் காலை பஸ் ஏறி எத்தாளைக்குப் போனாள். கடைசியாகக் கன்று வாங்கிய சிநேகிதி ஷிம்லா அங்கே இருந்தாள். கதிரையில் உட்காராமலே மர்ளியா விஷயத்தைச் சொல்லி மன்னிப்புக் கேட்டாள். ஷிம்லா அவளைக் கிணற்றடிக்குக் கூட்டிப்போனாள். மர்ளியா கொடுத்த ஆறு செடிகளும் பளபளவென்று நின்றன. இரண்டில் பூ.

மர்ளியா ஒவ்வோர் இலையாகப் புரட்டிப் பார்த்தாள். ஒரு புள்ளிகூட இல்லை.

"ராத்தா, உங்கட கிணத்துத் தண்ணிய இப்ப குடிச்சுப் பாத்தீங்களா?" என்றாள் ஷிம்லா.

"இல்ல. குடிக்கிறதுக்கு வடிகட்டின தண்ணிதானே வாங்குறம்."

சொல்லும்போதே, சில வாரங்களாகச் சவர்க்காரம் நுரைக்காதது அவளுக்கு நினைவு வந்தது. சவர்க்காரத்தைத்தான் இரண்டு தடவை மாற்றியிருந்தாள்.

வீட்டுக்கு வந்ததும் வாளியில் அள்ளி ஒரு வாய் குடித்தாள். உப்புக் கரித்தது. துப்பிவிட்டு, அங்கேயே கிணற்றுக்கட்டின் மேல் உட்கார்ந்து சிரித்தாள். பிறகு அழுதாள். நோய் இல்லை, மழையில்லாமல் உப்பாகிப்போன தண்ணீர்தான்.

அன்றிலிருந்து குடிதண்ணீரையே செடிகளுக்கும் ஊற்றினாள். உப்பேறிய பொச்சுமட்டையைக் கொட்டிப் புதிதாக நிரப்பினாள். ஒன்பது செடிகள் பிழைக்கவில்லை. மற்றவற்றில் ஐப்பசி மழைக்கு முன்பே சிவந்த குருத்துகள் சுருள் விரிந்தன.

ஹமீட் திரும்ப வந்தபோது அவரை வலைக்குள் கூப்பிட்டுப் புதுக் குருத்துகளைக் காட்டினாள். அவர் குனிந்து நெடுநேரம் பார்த்துவிட்டு, "நான் பிழையாச் சொல்லிட்டன், மகள்" என்றார். அவள் தேநீர் ஊற்ற உள்ளே போனாள்.