அப்பா கையில் எடுக்காத கத்தி

எங்கள் அன்புத் தந்தையார் எங்களைப் பிரிந்து ஓராண்டு நிறைகிறது. அவரைத் தெரிந்த எல்லோருக்காகவும் மூத்த மகளாகிய நான் இந்த நினைவு மலரில் இதை எழுதுகிறேன்.

அப்பா இலங்கையில் நமுனுகுல மலைப்பக்கம் ஒரு தேயிலைத் தோட்டத்தில், தொழிலாளர் வரிசை வீடுகளான லயத்தில் பிறந்தார். எட்டாம் வகுப்போடு படிப்பு நின்றது. பதினெட்டு வயதில் தோட்டத்து ஆஸ்பத்திரியில், புண்ணுக்குக் கட்டுப் போடும் டிரெசராகச் சேர்ந்தார். வெள்ளைக்காரர் ஆட்சி முடிந்த பிறகும் ஊர் திரும்பாத சர்ஜன் ஒருவர் அங்கே இருந்தார். சுற்றியுள்ள தோட்டங்களுக்கெல்லாம் ஆபரேஷன் செய்தவர் அவர்தான். பெரும் கோபக்காரர். கருவிகள் சரியாகக் கொதிக்கவில்லை என்றால் தட்டோடு வீசி எறிவாராம். ஆனால் தோட்டம் நடத்தும் துரைமாரையும் தொழிலாளரையும் ஒரே மேசையில்தான் படுக்க வைப்பார் என்று அப்பா சொல்வார். ஏழு ஆண்டுகள் அவர் பக்கத்தில் நின்று அப்பா கருவி எடுத்துக் கொடுத்தார். வயிற்றை அமுக்கிப் பார்த்தே நோயைச் சொல்லக் கற்றதும் அவரிடம்தான்.

சர்ஜன் இங்கிலாந்து போனார். அவர் இடத்துக்கு யாரும் வரவில்லை. ஆபரேஷன் அறையில் உர மூட்டை அடுக்கினார்கள். அப்பா பரீட்சை எழுதி டிஸ்பென்சர் ஆனார். மருந்து கொடுக்கலாம், கத்தி வைக்கக் கூடாது.

நான் பள்ளிக்கூடம் போன காலத்தில், கொழுந்து பறிக்கும் செல்லம்மா அக்காவுக்குப் பிரசவம் தடைப்பட்டது. குழந்தை குறுக்கே கிடந்தது. மழையில் பாலம் உடைந்து லொறி போக வழியில்லை. அவர் கணவர் முத்தையா அப்பாவின் காலைப் பிடித்தார்.

“அந்த டாக்டர் துரை பக்கத்துல அத்தன வருசம் நின்னீங்களே ஐயா, நீங்களே அறுத்துப் புள்ளய எடுத்துருங்க.”

“பாத்தது வேற, செய்யிறது வேற முத்தையா. எனக்குத் தெரியாதுப்பா.”

“ரெண்டு உசுருய்யா!”

அக்காவைக் கம்பளியில் தூக்கிக்கொண்டு நடந்தார்கள். அப்பாவும் கூடவே நடந்தார். பசறை ஆஸ்பத்திரிக்குப் போய்ச் சேரும் முன்பே இரண்டு உயிரும் போய்விட்டன.

“நீங்க அறுத்திருந்தாலும் செத்துத்தான் போயிருப்பா” என்று அம்மா பலமுறை சொன்னார்.

“இருக்கலாம். தெரியலையே” என்பார் அப்பா. கடைசிவரை அந்த ஒரே பதில்தான்.

அதன் பிறகு வயிற்றுவலி என்று யார் வந்தாலும் உடனே பதுளைப் பெரிய ஆஸ்பத்திரிக்கு அனுப்பினார். லொறியை வீணாக்குவதாகத் துரைமார் திட்டினார்கள். கேட்டுக்கொண்டு நின்றார்; அனுப்புவதை மட்டும் நிறுத்தவில்லை. அப்படிப் போய்ப் பிழைத்த சிலர் இதை வாசிக்கிறீர்கள்.

சென்ற ஆண்டு அடைமழையில், ஒரு காலையில் அப்பாவுக்கு வயிறு வலித்தது. படுத்தபடி தம் வயிற்றைத் தாமே அமுக்கிப் பார்த்தார்.

“குடல் முறுக்கிக்கிட்டிருச்சும்மா. மருந்துக்குக் கேக்காது. மத்தியானத்துக்குள்ள அறுக்கணும்.”

தம்பி வேன் பிடித்தான். பசறை தாண்டியதும் மண் சரிந்து பாதை மூடிக் கிடந்தது. அந்தப் பக்கம் அம்புலன்ஸ் நிற்பது எங்கள் கண்ணுக்குத் தெரிந்தது. மண் அள்ளும் இயந்திரம் வந்து சேரவில்லை. மண்வெட்டியோடு நின்றவர்களிடம் தம்பி சத்தம் போட்டான்.

“அவங்கள அவசரப்படுத்தாதப்பா. இன்னும் சரியும்” என்றார் அப்பா. பிறகு என்னிடம், “மணி என்னம்மா?” என்றார்.

“ரெண்டு, அப்பா.”

கண்ணை மூடிக்கொண்டார். அவர் கையைப் பிடித்துக்கொண்டிருந்தேன். வேறு எதுவும் செய்ய எனக்குத் தெரியவில்லை.

கடைசியில் நான்கு பேர் பலகையில் கிடத்தி, இடுப்பளவு சேற்றில் இறங்கி அவரை அந்தப் பக்கம் சேர்த்தார்கள். பதுளையில் டாக்டர்கள் காத்திருந்தார்கள், உடனே ஆபரேஷனும் செய்தார்கள். ஆனால் குடல் அழுகிப்போயிருந்தது. அன்று மாலையே அப்பா போய்விட்டார்.

ஆஸ்பத்திரியில் பாடுபட்டவர்களுக்கும், பாதை இல்லாத நாளிலும் நடந்தே வந்து காரியங்களில் தோள் கொடுத்த உறவினர்களுக்கும் எங்கள் குடும்பத்தின் நன்றி. அந்த நான்கு பேரின் பெயரைக் கேட்க எங்களுக்கு அப்போது தோன்றவில்லை. சிங்களத்தில் பேசிக்கொண்டார்கள்; சேறு படிந்த முகங்கள், இப்போது பார்த்தாலும் அடையாளம் தெரியாது. மூன்று முறை அந்த இடத்துக்குப் போய் விசாரித்தோம். இந்த மலரின் நான்கு பிரதிகளைத் தனியே எடுத்து வைத்திருக்கிறேன். யாரிடம் கொடுப்பது என்று தெரியவில்லை.