ஆறாவது விலாவில் ஒரு விரல்

சுங்குவார்சத்திரம் டீக்கடையில் நின்றுகொண்டிருந்தபோது போன் வந்தது. "ஸ்டெல்லா மேடம் பூட்டாங்க ரவி." அவர் இறந்துவிட்ட செய்தி. டீயை அப்படியே வைத்துவிட்டேன். நம் தொழிற்சாலையின் முதலுதவி அறைக்கு வாரம் இரண்டு நாள் வாலாஜாபாத்திலிருந்து பஸ் ஏறி வந்த பிசியோதெரபிஸ்ட் அவர். அவரிடம் முதுகைக் காட்டாதவர்கள் நம்மில் எத்தனை பேர்?

ஒன்றை இங்கே ஒப்புக்கொண்டாக வேண்டும். முருகேசன் தென்காசிப் பக்கமிருந்து வந்த பயிற்சித் தொழிலாளி. மூச்சை இழுத்தால் முதுகிலிருந்து நெஞ்சு வரை குத்துகிறது என்றான். இ.சி.ஜி., எக்ஸ்ரே இரண்டிலும் ஒன்றுமில்லை. எப்படி வந்தது என்று கேட்டால் தரையைப் பார்த்தான். முதலுதவி அறையில் நர்ஸாக இருந்த நான் பதிவேட்டில் 'நடிப்பு' என்று எழுதிவிட்டேன். மறுநாள் அவனை வேலையைவிட்டு அனுப்புவதாக இருந்தார்கள்.

மேடம் அதைப் படித்தார். "எக்ஸ்ரேல தெரியலன்னா வலியே இல்லன்னு ஆயிடுமா? இன்னாப்பா நீ!" அவன் பின்னால் நின்று, முதுகெலும்பின் ஓரமாக விரலால் எண்ணிக்கொண்டே வந்தார். ஆறாவது விலாவில் அழுத்தியதும் "யம்மா!" என்று துள்ளினான்.

"விலா எலும்பு முதுகெலும்போட சேர்ற மூட்டு இது. கை காலுக்கு ரெஸ்ட் குடுக்கலாம். மூச்சு வுடுற வரைக்கும் இதுக்கு ஓவர்டைம்தான்," என்றார். பிறகு குரலைத் தணித்து, "யாருப்பா உன்னைப் பின்னாடி கட்டிப்புடிச்சித் தூக்கினது?"

ஷிப்ட் முடிந்து பஸ்ஸுக்கு நிற்கையில் ஒருவரையொருவர் தூக்கிக் குலுக்கி முதுகில் சொடுக்கெடுப்பது நம் பையன்களின் வழக்கம். மாட்டினால் வேலை போய்விடும். "பேரைச் சொன்னா அவனையும் அனுப்பிருவாவ மேடம்," என்று அழுதேவிட்டான். எனக்கு வெட்கமாகப் போயிற்று.

மேலாளர் அறையில் மேடம் உட்காரவே இல்லை. "நடிப்பு இல்ல சார், மூட்டுப் பிடிப்பு. ரெண்டு வாரம் லேசான வேலை குடுங்க. சரியாகலன்னா என்னையும் சேர்த்து அனுப்பிடுங்க." யார் செய்தது என்று மேலாளர் கேட்டார். "எந்த மூட்டுன்னு கேளுங்க, சொல்றேன். எந்த ஆளுன்னு நான் படிக்கல." அடேயப்பா, என்ன தைரியம்! அன்று மாலையே பஸ் வரிசைக்குப் போய், இனி எவனும் எவனையும் தூக்கக் கூடாது என்று ஒரு சத்தம் போட்டார். பத்தாவது நாள் முருகேசன் முழு மூச்சு இழுத்தான். இன்று அவன் நிரந்தரத் தொழிலாளி.

பதிவேட்டில் நான் எழுதியதை அவர் திருத்தவில்லை. பேனாவை என்னிடம் நீட்டினார். "நீ எழுதினது. நீயே அடி." அடித்துவிட்டு, 'ஆறாவது விலா, முதுகெலும்பு மூட்டு' என்று எழுதினேன்.

அவரோடு வேலை பார்த்தவன் என்று சொல்லிக்கொள்வதில் எனக்கு அவ்வளவு பெருமை. இப்போதும் யாராவது வலி என்று வந்தால், பேனாவைக் கீழே வைத்துவிட்டு, வந்தவரின் முதுகுப்பக்கம் போய் நிற்கிறேன். கையை வைத்து, "மூச்சை இழுப்பா" என்கிறேன். எழுதுவதெல்லாம் அதற்கப்புறம்தான்.