அண்ணனின் மணி கைமாறிய நாள்

எங்கள் அண்ணன் வத்தல்மலையில் பிறந்து, அதே மலையில் மண்ணோடு சேர்ந்தவர். அப்பா சீக்கிரமே போய்விட்டதால் ஐந்தாம் வகுப்போடு ஏரைப் பிடித்தார். சாமை விற்று என்னைத் தர்மபுரியில் படிக்க வைத்தார்.

எங்கள் பங்காளிகளில் வயதில் மூத்த ஆணே ஊர் அம்மனுக்குப் பூசாரி. பெரியப்பாவுக்குப் பின் அண்ணன் பூசாரியானார். பூசாரி ஊரிலேயே குடியிருக்க வேண்டும் என்பது விதி. என் மகள் திருமணத்துக்குக்கூட முதல் பஸ்ஸில் வந்து, மாலைக்குள் மலையேறிவிட்டார்.

ஒருமுறை ஒருவர் அருள் வந்து ஆடி, கிடா கேட்டார். அண்ணன் அசையவில்லை.

"ஆத்தா காத்தாலதான் எங்கிட்ட பேசினா. கெடா வேணாம், ரோட்டுக் குழிய மூடுங்கடான்னா."

அருள் உடனே இறங்கியது. குழியை மூடத்தான் மூன்று மனுக்கள் தேவைப்பட்டன. எழுதியவன் நான்.

சென்ற ஆண்டு ஒரு வாரக் காய்ச்சலில் அண்ணன் மறைந்தார். தலைமாட்டில் பூசை மணியை வைத்தார்கள். அடுத்த பூசாரி அதை எடுத்து அடித்த பிறகே பாடையைத் தூக்குவது வழக்கம். வயதில் அடுத்தவன் என்று எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். மணியைத் தொட்டால் தர்மபுரி வீட்டைப் பூட்டிவிட்டு மலையில் குடியேற வேண்டும்.

வட்டாட்சியர் அலுவலகத்தில், ஆவணத்தில் உள்ளதே வயது என்று எத்தனையோ மனுக்களைத் திருப்பி அனுப்பியவன் நான். எனவே என் பள்ளிச் சான்றிதழின் சான்றொப்பமிட்ட நகலைக் கையோடு கொண்டுபோயிருந்தேன். அதை எடுத்து நீட்டினேன். அதன்படி சித்தப்பா மகன் என்னைவிட ஆறு மாதம் மூத்தவன்.

அவன் பதறினான். "அண்ணா, நான் பொறந்தன்னிக்கு நீங்க எங்க வூட்டுல வெல்லம் கேட்டு அழுதீங்களாமுங்க!"

அத்தை எழுந்தார். "பள்ளிக்கூடத்துல ஒனக்கு ரெண்டு வயசு கொறச்சுச் சொன்னது ஒங்கப்பன். பக்கத்துல நின்னு தலையாட்டுனவ நானு. அந்தப் பேப்பர எங்கிட்டயே காட்டறியா?"

அழுதுகொண்டிருந்த அண்ணியும் சிரித்துவிட்டார். அத்தை மட்டும் சிரிக்கவில்லை.

"ஒன்னப் படிக்க வெச்சவன் வெயில்ல கெடக்கறான்டா. எடுத்து அடி."

மேல்முறையீட்டுக்கு இடமில்லை. அடித்தேன். அண்ணனைத் தூக்கினார்கள்.

காய்ச்சலில் உடனிருந்து கவனித்த செவிலியருக்கும், பறை அடித்தவர்களுக்கும், குழி வெட்டியவர்களுக்கும், மலையேறி வந்த உறவினர், நண்பர் அனைவருக்கும் எங்கள் குடும்பத்தின் நன்றி. எனக்குப் பூசை முறைகளைப் பொறுமையாகச் சொல்லித்தரும் அண்ணிக்குத் தனி நன்றி. அத்தைக்கும் சொன்னேன். "மொதல்ல கற்பூரத்த ஒழுங்கா சுத்து" என்றார்.

முதலாண்டு நினைவுப் பூசையை நானே செய்கிறேன். அண்ணன் செய்ததுபோல் இருக்காது. அம்மன் ஓராண்டாகப் பொறுத்துக்கொள்கிறாள். நீங்களும் பொறுத்துக்கொண்டு, இருந்து சாப்பிட்டுப் போக வேண்டும்.