பொழுது சாய்வதற்குள் ஒரு பேரம்

இந்த ஊரில் மார்கழி மாதத்துச் சூரியனுக்கு வேலையில் அக்கறையே கிடையாது. குழந்தைகள் பள்ளிக்கூடம் போன பிறகு நிதானமாக வருகிறது. அவர்கள் வீடு திரும்பும் வழியிலேயே கிளம்பிப் போய்விடுகிறது. இங்கிலாந்துக்கு வந்த புதிதில் எல்லோரையும் போல எனக்கும் அது வேடிக்கையாகத்தான் இருந்தது. மகள் சுமதி பள்ளியில் சேர்ந்த பிறகுதான் அது என் அடுப்பங்கரைக்குள் வந்தது. நாங்கள் காஞ்சிபுரத்துச் சமணர்கள். தமிழ் பேசி, நெல் விற்று, நயினார் என்று பட்டம் போட்டுக்கொள்ளும் குடும்பம். பொழுது சாய்ந்தபின் சாப்பிடுவதில்லை என்பது வீட்டுக் கட்டு. இருட்டில் சோற்றோடு சின்னஞ்சிறு உயிர்களையும் விழுங்கிவிடக் கூடாதே என்று முன்னோர்கள் வைத்தார்கள். நாலு மணிக்கே இருட்டும் ஊரில் பேத்திக்குப் பேத்தி குடியிருப்பாள் என்று அவர்கள் எங்கே கண்டார்கள்?

அதனால் சுமதிக்கு இரண்டு டப்பா கட்டினேன். ஒன்று மதியத்துக்கு, இன்னொன்று பிற்பகல் இடைவேளைக்கு. மற்ற பிள்ளைகள் பந்து விளையாடும் நேரத்தில் இவள் சுவரோரம் உட்கார்ந்து இரவுச் சாப்பாட்டை முடிப்பதை ஒரு டீச்சர் பார்த்துவிட்டார். தலைமையாசிரியை என்னைச் சந்திக்க விரும்புவதாகச் சொல்லியனுப்பினார்கள். என் கணவர் செய்தித்தாளை இறக்காமலே, "நீயே போய்ப் பேசு. உங்க அப்பா பொண்ணுதானே" என்றார். அதில் பாராட்டு பாதி, குத்தல் பாதி.

அப்பாவுக்குத் தென்னேரிப் பக்கம் நிலம், பெரிய காஞ்சிபுரத்தில் நெல் மண்டி. அறுபதுகளில் நான் எஸ்.எஸ்.எல்.சி. படித்தது ஊரில் இருந்த ஒரு மிஷன் பெண்கள் பள்ளியில். கணக்கு எனக்கு ஏறவே ஏறாது. பரீட்சைக்கு முன் சில மாதங்கள் பள்ளியில் ஸ்பெஷல் கிளாஸ் உண்டு. விளக்கு வைத்த பிறகுதான் முடியும். அதற்கு இருந்தால் ராத்திரி பட்டினி. இருக்காவிட்டால் கணக்கில் கோட்டை. கோட்டை விட்டால் திண்டிவனத்தில் ஒரு மாப்பிள்ளை தயாராக இருந்தார். உரக்கடை, நல்ல குடும்பம், என்னைவிட ஒரு மாமாங்கம் மூத்தவர். பட்டினி போட அம்மா ஒப்பவில்லை. மண்டி ஆட்கள் நெல்லை அளப்பது போல அப்பா என்னையும் திண்டிவனத்தையும் மாறி மாறி அளந்துகொண்டிருந்தார். எனக்கு அந்த மாதங்களில் தூக்கம் பிடிக்கவில்லை.

அப்போதுதான் சர்க்கார் உள்ளே வந்தது. பள்ளிக்கு அரசாங்க மானியம் உண்டு. அப்படிப்பட்ட பள்ளியில் பெற்றவர்கள் சம்மதம் இல்லாமல் எந்தப் பிள்ளையையும் பைபிள் சொல்லித்தரும் வேதபாட வகுப்பில் உட்கார வைக்கக் கூடாது என்பது சட்டம். அதுவரை யாரும் அதைக் கேட்டதில்லை. பெண்கள் பள்ளிகளைப் பார்வையிடும் இன்ஸ்பெக்ட்ரஸ் அம்மாள் கேட்டுவிட்டார். ஊரே பெரிய டீச்சர் என்று அழைத்த எங்கள் தலைமையாசிரியை, ஆளுக்கொரு சம்மதச் சீட்டு கொடுத்து வீட்டில் கையெழுத்து வாங்கி வரச் சொன்னார். அப்பா அதை இரண்டு முறை படித்தார். பள்ளிக்கூடத்துக்குத் தன்னிடமிருந்து ஒன்று வேண்டியிருக்கிறது என்று கண்டதும் அவர் முகத்தில் மண்டிக்களை வந்துவிட்டது. மறுநாள் என்னையும் கூட்டிக்கொண்டு பெரிய டீச்சர் அறைக்குப் போனார்.

"கையெழுத்து போடறதுல எனக்கு இன்னா இருக்குது டீச்சரம்மா? உங்க வேதம் காதுல வுழுந்தா எம் பொண்ணு ஒண்ணும் கரைஞ்சிட மாட்டா. ஆனா பொழுது சாஞ்சா அவ ஒரு பருக்கை வாயில வைக்கக் கூடாது. பட்டினி கெடந்துக்கினு இருந்தா கணக்கு எப்பிடி ஏறும்?"

"அதுக்கும் இதுக்கும் என்ன சம்பந்தம் நயினார்?"

"சம்பந்தம் ஒண்ணும் இல்ல. நீங்க ஒண்ணு கேக்கறீங்க, நான் ஒண்ணு கேக்கறேன். பொழுது சாயறதுக்கு முந்தி கொஞ்ச நேரம் மணி அடிச்சி வுடுங்க. அவங்க அம்மா சோறு எடுத்துக்கினு வருவா."

பெரிய டீச்சர் பிரார்த்தனை செய்வது போலக் கண்ணை மூடித் திறந்து, சரி என்றார். அப்பா சீட்டின் பின்பக்கத்தில் அந்த நிபந்தனையை அழகாக எழுதி, முன்பக்கத்தில் கையெழுத்துப் போட்டார். அதோடு விட்டிருக்கலாம். மண்டிக்கு வந்தவர்களிடமெல்லாம் சொல்லி வைத்தார். அவ்வளவுதான், நெசவுத் தெருக்கள் விழித்துக்கொண்டன. வேதபாடம் என்று ஒன்று இருப்பதே தெரியாமல் பெண்ணை அனுப்பிக்கொண்டிருந்தவர்களுக்கெல்லாம் திடீரென்று மதப்பற்று பொங்கியது. தெருவில் தறிக்குப் பாவு விரிக்கும் அன்று நூல் பிடிக்க ஆள் வேண்டும், பெண் தாமதமாக வருவாள் என்றார் ஒருவர். கருட சேவைக்கு முழு லீவு என்றார் இன்னொருவர். தலைக்குப் பூ வைப்பதைத் தடுக்கக் கூடாது என்று ஓர் அம்மாள் எழுதியிருந்தார். எல்லாம் சீட்டின் பின்பக்கத்தில்.

இன்ஸ்பெக்ட்ரஸ் அம்மாள் வந்த அன்று பெற்றவர்களையும் வரச் சொல்லியிருந்தார்கள். அவர் சீட்டுகளைப் புரட்டினார், திருப்பினார், மறுபடி புரட்டினார்.

"சம்மதம்னா சம்மதம்னு எழுதுங்க. இல்லைன்னா இல்லைன்னு எழுதுங்க. இதுல பேரம் எங்கேருந்து வந்தது?"

அப்பா எழுந்தார். "அப்ப எனக்கு இல்லைன்னே எழுதிக்கோங்கம்மா."

அவருக்குப் பின்னால் வரிசையாக எல்லோரும் இல்லை, இல்லை என்றார்கள். பெரிய டீச்சர் முகம் வெளுத்தது. வேதபாட வகுப்பில் வாத்தியாரும் பெஞ்சும்தான் மிஞ்சும். நான் கதவோரம் நின்றபடியே மனசுக்குள் திண்டிவனத்து உரக்கடையில் கல்லாவுக்குப் பின்னால் உட்கார்ந்திருந்தேன். அப்பா மேல் வந்த கோபத்துக்கு அளவே இல்லை. ஒரு வாய்ச் சோற்றுக்காக என் படிப்பையே தூக்கி வீசுகிறாரே என்று அழுகை முட்டியது.

இன்ஸ்பெக்ட்ரஸ் அம்மாள் கெட்டிக்காரி. பின்பக்கம் எழுதியதையெல்லாம் ஒவ்வொன்றாக அடித்தார். "எப்போ மணி அடிக்கிறது, யாருக்கு லீவு குடுக்கறது, அதெல்லாம் ஹெட்மிஸ்ட்ரஸ் இஷ்டம். அதுல நான் தலையிடறதே இல்லை" என்று ஜன்னலைப் பார்த்துச் சொன்னார். பெரிய டீச்சரும் அதே ஜன்னலைப் பார்த்துத் தலையசைத்தார். எல்லோரும் சம்மதம் என்றார்கள். அன்றிலிருந்து பொழுது சாயுமுன் மணி அடித்தது. அம்மா தூக்கோடு வந்தாள். ஏசு ஆட்டுக்குட்டியோடு நிற்கும் நல்ல மேய்ப்பர் படத்துக்குக் கீழே உட்கார்ந்து சாப்பிட்டேன். கணக்கில் முக்கி முனகித் தேறினேன். வேதபாடத்தில் முதல் பரிசு. அப்பா ஊர் முழுக்க "பொண்ணு ஃபர்ஸ்ட்" என்று சொன்னார், எதில் என்று மட்டும் சொல்லவில்லை.

இந்தப் பரம்பரைத் திறமையோடுதான் நான் இங்கே தலைமையாசிரியை முன் உட்கார்ந்தேன். இந்த நாட்டில் காலை வழிபாட்டிலிருந்து பிள்ளையை விலக்கிக்கொள்ளும் உரிமை பெற்றவர்களுக்கு உண்டு. அதை நான் பயன்படுத்தப் போவதில்லை, பதிலுக்கு அந்த இரண்டாவது டப்பாவை நீங்கள் கண்டுகொள்ளக் கூடாது என்றேன். அவர் பேனாவைக் கீழே வைத்தார். உங்கள் உரிமைக்குப் பதிலாக நீங்கள் எதையும் தர வேண்டியதில்லை, அது உங்களுடையதுதான் என்று மிகுந்த கனிவோடு சொன்னார். பேரம் பேசத் தெரியாதவர்களிடம் என்ன செய்வது? பிறகு, அந்த டப்பாவுக்குப் பிறகு குழந்தை என்ன சாப்பிடும் என்று கேட்டார். ஒன்றுமில்லை என்றேன். காலை வரைக்குமா? காலை வரைக்கும்தான் என்று பெருமையோடு சொல்லிவிட்டு வந்தேன். காஞ்சிபுரத்தில் இப்படிச் சொன்னால் கையெடுத்துக் கும்பிடுவார்கள். இங்கே அடுத்த வாரம் குழந்தைகள் நல அதிகாரி என்று ஓர் அம்மையார் வீட்டுக்கு வந்தார்.

அவர் வரப்போகும் செய்தி தெரிந்ததுமே வீட்டை இரண்டு முறை பெருக்கித் துடைத்தேன். பிள்ளையைச் சரியாக வளர்க்கவில்லை என்று தோன்றினால் கூட்டிக்கொண்டு போய் வேறு வீட்டில் வைத்துவிடுவார்கள் என்று, கென்யாவிலிருந்து வந்து பக்கத்துத் தெருவில் இருக்கும் குஜராத்தி அம்மாள் ஏற்கெனவே பயமுறுத்தியிருந்தார். வந்தவர் அரிசி டின், பருப்பு, நெய் எல்லாவற்றையும் பார்த்தார். நான் பருப்புவடை சுட்டு ஒரு தட்டு நிறைய வைத்தேன். ஒன்றைக் கடித்தவர், நீங்கள் சாப்பிடவில்லையா என்றார். இருட்டிவிட்டது என்றேன். அவர் கையில் இருந்த மீதி வடையைக் கொஞ்ச நேரம் பார்த்துவிட்டுத் தட்டிலேயே வைத்தார்.

பிறகு அவர் செய்ததை நான் எதிர்பார்க்கவில்லை. சுமதி முன்னால் தரையில் மண்டியிட்டு உட்கார்ந்து, உனக்கு என்ன வேண்டும் கண்ணே என்று கேட்டார். சட்டம், பள்ளி, அப்பா, இன்ஸ்பெக்ட்ரஸ் என்று காஞ்சிபுரத்தில் அத்தனை பேர் கூடி எனக்காகச் சண்டை போட்டபோது, இந்தக் கேள்வியை என்னிடம் யாரும் கேட்டதில்லை. கேட்க வேண்டும் என்று எனக்கே தோன்றியதில்லை. ஏழு வயதுப் பெண் யோசிக்கவே இல்லை.

"அப்பாகூட உக்காந்து சாப்பிடணும்" என்று ஆங்கிலத்தில் சொன்னாள்.

என் கணவர் வேலையிலிருந்து இருட்டிய பிறகுதான் வருவார். குளிர் தேசத்தில் அந்தக் கட்டு செல்லாது என்று தனக்குத் தானே சம்மதச் சீட்டு கொடுத்துக்கொண்டவர் அவர். அவர் சாப்பிடும்போது சுமதி எதிர் நாற்காலியில் உட்கார்ந்து மேசையில் விரலால் கோலம் போட்டுக்கொண்டிருப்பாள். விளையாடுகிறாள் என்றே நினைத்திருந்தேன். அடுத்த மாதம் மறுபடி வருகிறேன் என்று சொல்லிவிட்டு அந்த அம்மையார் போனார்.

அவர் கார் கிளம்பியதும் சுமதி கேட்டாள். "நம்ம ஊர்ல சூரியன் எப்பம்மா போவும்?"

"ஆறு மணிக்கு. கொஞ்சம் முன்னப்பின்ன இருக்கும்."

"அப்ப இங்க கடியாரத்துல ஆறு மணி ஆவறதுக்குள்ள சாப்பிட்டா தப்பில்லதானே?"

அவள் அப்பா வருவது ஐந்தரைக்கு. நெல் மண்டி ரத்தம் எங்கே போகும்? நானும் சும்மா விடவில்லை. சரி, ஆனால் வருஷம் முழுக்க, வெயில் காலத்திலும், அதே ஆறு மணிதான் என்றேன். சம்மதம் என்றாள். அடுத்த மாதம் அந்த அம்மையார் வந்தபோது, குழல் விளக்கின் கீழ் மூன்று பேரும் ஒன்றாகச் சாப்பிட்டுக்கொண்டிருந்தோம். அவர் தன் ஃபைலை மூடிக்கொண்டு, அதன்பின் வரவில்லை.

இது ஜூன் மாதம். இங்கே சூரியன் இரவு ஒன்பதரை வரை நகர மாட்டேன் என்கிறது. நேற்று பக்கத்து வீட்டுத் தோட்டத்தில் பிள்ளைகள் கேக் தின்றுகொண்டிருந்தார்கள். சுமதி வேலியோரம் நின்று பார்த்துக்கொண்டிருந்தாள். ஏழு மணி இருக்கும். பசி என்று அவள் முகத்திலேயே எழுதியிருந்தது. எனக்கு மனசு கேட்கவில்லை.

"சாப்பிடுடி. பாரு, பொழுதே இன்னும் சாயல. தாத்தா இருந்தாகூட ஒண்ணும் சொல்ல மாட்டாரு."

அவள் ஒரு முறை வானத்தைப் பார்த்தாள். காஞ்சிபுரத்தைக் கண்ணால் கூடப் பார்த்திராத பெண்.

"இது இவங்க சூரியன்மா. நம்மளது எப்பவோ போயிடுச்சி."

சொல்லிவிட்டு உள்ளே வந்து, கண் கூசும் வெயிலில் ஜன்னல் திரைகளை ஒவ்வொன்றாக இழுத்துவிட்டாள்.