போகியன்று அழித்த கிரிக்கெட்

இரண்டு வருஷத்துக்கு முந்தைய போகிப் பண்டிகை. கரிக்கலாம்பாக்கத்தில் எங்கள் வீட்டு முன்னறையில்தான் எம்பிராய்டரி கடை. ஒரு மெஷின், பக்கத்தில் ஒரு பழைய கம்ப்யூட்டர், அவ்வளவுதான். கம்ப்யூட்டரில் டிசைன் வரைவது என் கணவர், அதை மெஷினில் ஓட்டி ஜாக்கெட்டில் ஏற்றுவது நான். அந்த வருஷம் அவர் கத்தாருக்கு வேலைக்குப் போயிருந்தார். நான் நிறைமாதத்தை நெருங்கிக்கொண்டிருந்தேன். தை பிறந்ததும் வளைகாப்பு என்று நாள் குறித்திருந்தார்கள்.

வளைகாப்புக்கு அவரால் வர முடியாது. அது தெரிந்துதான் கிளம்புவதற்கு முன்னால் எனக்காக ஒரு ஜாக்கெட் டிசைன் வரைந்து கம்ப்யூட்டரில் வைத்துவிட்டுப் போனார். முதுகில் ஒரு தொட்டில், தொட்டில் கயிற்றில் இரண்டு கிளிகள். "நான் வரலன்னா இன்னா, உன் முதுகுலயே உக்காந்துனு இருப்பேன் போ" என்று சிரித்தார். எனக்குச் சிரிப்பு வரவில்லை. ஆனால் அந்த ஜாக்கெட்டைப் போட்டுக்கொண்டுதான் மணையில் உட்கார வேண்டும் என்பது அன்றிலிருந்து என் ஒரே ஆசையாகிவிட்டது.

போகியன்று என் மாமியார் பழைய பாய், முறம் என்று எல்லாவற்றையும் தெருவில் போட்டுக் கொளுத்தினார். நானும் ஆசையாக எழுந்து போனேன். "மாசமா இருக்கறவ பொகைகிட்ட வராத. வூட்டுக்குள்ளயே உக்காந்து எதுனா செய்யி" என்று விரட்டிவிட்டார். சும்மா உட்கார எனக்கு வராது. கம்ப்யூட்டரைத் திறந்து அதற்கும் போகி கொண்டாட ஆரம்பித்தேன். பழைய படங்கள், வேண்டாத ப்ரோக்ராம்கள் எல்லாம் போயின. அப்போது அவர் ஆடும் கிரிக்கெட் கேம் கண்ணில் பட்டது. சாயங்காலமானால் அதன் முன்னால் உட்கார்ந்துவிடுவார், சாப்பிடக் கூப்பிட்டாலும் வரமாட்டார். அதற்காக எத்தனை சண்டை போட்டிருப்பேன்! அதையும் நீக்கினேன். இந்த பைலை வேறு ப்ரோக்ராம்களும் பயன்படுத்தக்கூடும், நீக்கிவிடவா என்று இங்கிலீஷில் கேட்டது. போகி வேகத்தில் எல்லாவற்றுக்கும் ஆமாம் என்று தட்டிவிட்டேன்.

பொங்கல் முடிந்து டிசைனைத் திறக்கப் போனால் எம்பிராய்டரி ப்ரோக்ராமே திறக்கவில்லை. ஏதோ ஒரு டிஎல்எல் பைலைக் காணோம் என்று சின்னதாக ஒரு கட்டம் வந்தது. மூடித் திறந்தால் மறுபடியும் அதே கட்டம். அந்த ப்ரோக்ராமில் திறந்து, மெஷினுக்கு ஏற்ற மாதிரி மாற்றிப் பென்டிரைவில் போட்டால்தான் ஊசி ஓடும். எனக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை.

தெரிந்தவர் ஆட்டோவில் சிபியூவை ஏற்றிக்கொண்டு வில்லியனூரில் ஒரு சர்வீஸ் கடைக்குப் போனேன். போகியன்று கண்டதையும் நீக்கியதைச் சொன்னதும் கடைக்காரர் பொறுமையாக விளக்கினார்.

"ஒரே போர்ல ரெண்டு பேரு நெலத்துக்கு தண்ணி பாயுதுன்னு வைங்கக்கா. ஒருத்தர் நெலத்த வித்துட்டு போறப்ப மோட்டாரயும் கழட்டினு பூட்டா, இன்னொருத்தர் பயிரு இன்னா ஆவும்? அதான் இது."

எந்த ப்ரோக்ராமோடு அந்த பைல் போனது என்று தெரிந்தால் அதையே திரும்பப் போட்டுவிடலாம் என்றார். நெட்டில் கண்ட இடத்திலிருந்து எடுத்துப் போட்டால் கூடவே வைரஸும் வருமாம். நான் நீக்கியது ஒன்றா இரண்டா, எதை என்று சொல்வது? "அப்போ பார்மட்தாங்கா" என்றார். பார்மட் செய்தால் டிசைனை எடுத்து வைத்துக்கொள்ளலாம், ஆனால் ப்ரோக்ராம் போய்விடும். அதன் சிடி எங்களிடம் இல்லை, விற்ற ஆள் இப்போது எங்கே இருக்கிறார் என்றும் தெரியாது. வேண்டாம் என்று சொல்லித் திரும்பிவிட்டேன். ஆட்டோவில் வழியெல்லாம் அழுதேன்.

வெள்ளிக்கிழமை அவருக்கு லீவு. போன் வந்ததும் எல்லாவற்றையும் கொட்டினேன்.

"கேமு கீமு எதுனா எடுத்தியா?" என்றார்.

"அந்த கிரிக்கெட்ட எடுத்துட்டேங்க."

"அடிப்பாவி! அதாலதாண்டி இதுவே ஓடினு இருந்துச்சி."

கம்ப்யூட்டரை வாங்கி வந்த புதிதில் அவருக்கும் இதே கட்டம் வந்ததாம். வெறுத்துப்போய் கேம் சிடியைப் போட்டு ஆடினாராம். அதன் பிறகு எம்பிராய்டரியும் தானாகத் திறந்துகொண்டதாம். கேமோடு வந்த பைலைத்தான் இரண்டும் பங்குபோட்டுக்கொண்டு ஓடியிருக்கின்றன.

"இத என்கிட்ட சொல்றதுக்கு இன்னா?"

"சொன்னா நம்பியிருப்பியா? ஆடறதுக்கு சாக்கு சொல்றேன்னு இன்னும் ரெண்டு குடுத்திருப்ப."

உண்மைதான், கொடுத்திருப்பேன்.

கேம் சிடி ஜரிகை நூல் கோன் பெட்டிக்கு அடியில் இருந்தது. போட்டேன். ஏறி முடிந்ததும் கேம் தானாகவே திறந்து, ஸ்டேடியத்துக் கூட்டம் ஓவென்று கத்தியது. அடுப்படியிலிருந்து மாமியார் ஈரக் கையோடு ஓடி வந்தார்.

"வந்துட்டானா?"

நாற்காலியில் என்னைப் பார்த்ததும் அப்படியே நின்றார். பிறகு முந்தானையில் கையைத் துடைத்துக்கொண்டு உள்ளே போய்விட்டார். மகன் வீட்டில் இருக்கிறான் என்பதே அவருக்கு அந்தச் சத்தம்தான். அதைத்தான் குப்பை என்று நான் தூக்கிப் போட்டிருந்தேன்.

எம்பிராய்டரி ப்ரோக்ராம் மறு பேச்சில்லாமல் திறந்தது. தையல் எந்த வரிசையில் போகும் என்று அதிலேயே ஓட்டிப் பார்க்கலாம். ஓடவிட்டேன். ஊசிக் குறி முதலில் கயிற்றின் முடிச்சைப் போட்டது, அப்புறம் தொட்டில், அப்புறம் கிளிகள். கண்ணை என் கணவர் எப்போதும் கடைசியில்தான் வைப்பார். இதிலும் அப்படித்தான். அவர் பக்கத்தில் உட்கார்ந்து வரைவதைப் பார்ப்பது போலவே இருந்தது. முடிந்ததும் மறுபடி முதலிலிருந்து ஓடவிட்டேன்.

வளைகாப்பு அன்று எல்லோரும் என் முதுகைத்தான் பார்த்தார்கள். போனில் அவரும் பார்த்தார், இன்னொரு முறை திரும்பிக் காட்டச் சொன்னார்.

எங்கள் மகள் இப்போது வீடெல்லாம் ஓடித் திரிகிறாள். அப்பாவை அவள் போனில்தான் பார்த்திருக்கிறாள். சில சாயங்காலங்களில் நான் அந்த கேமைத் திறந்துவைத்துவிட்டு, ஆடத் தெரியாமல் சத்தத்தை மட்டும் கேட்டுக்கொண்டிருக்கிறேன். மாமியாரும் வந்து பக்கத்தில் உட்கார்ந்துகொள்வார். என் கணவர் திரும்பி வந்து அதன் முன்னால் உட்கார்ந்திருக்க, சோறு ஆறுகிறது, அதை நிறுத்துங்கள் என்று நான் மறுபடியும் கத்தப்போகும் அந்த நாளுக்காகத்தான் காத்திருக்கிறேன்.