பொதியக்காவின் வலது கை

அந்தத் துறைமுகத்தில் கப்பலேறும் எவனும் பொதியக்காவிடம் மூச்சைக் கொடுத்துவிட்டுத்தான் போவான். அவள் மாவை மெல்லியதாகத் தேய்த்து, நடுவில் தேனும் வறுத்த கொட்டையும் வைத்து நீட்டுவாள். போகிறவன் அதில் ஒருமுறை ஊதுவான். மூச்சு நழுவுமுன் ஓரத்தை அமுக்கி மூடி அடுப்பில் வைத்துவிடுவாள். வெந்த மூச்சுப்பொதி அலமாரிக்குப் போகும். ஊதியவன் எந்தக் கடலில் இருந்தாலும், உயிரோடு இருக்கும் வரை அது ஆறாது.

ஆறிவிட்டால் அன்றே குடும்பம் அதைத் தின்றுவிட வேண்டும். காய்ந்த ஓரம் பெரியவர்களுக்கு, மூச்சு படிந்த நடுப்பாகம் கடைசிப் பிள்ளைக்கு. தின்றால்தான் செத்தவனின் மூச்சு கட்டவிழும். சூடாக இருக்கையில் தின்றால் எங்கோ இருக்கிறவனின் மூச்சு அந்த இடத்திலேயே நிற்கும். அதனால்தான் தினமும் காலையில் தொட்டுப் பார்க்க ஓர் ஆள்.

பொதியக்கா பத்தொன்பது வயதில் அந்த வேலைக்கு வந்தாள். தொட்ட மாத்திரத்தில், "இவருக்குக் காய்ச்சல். எட்டு நாள்ல சரியாயிடும்" என்பாள். அப்படியே ஆகும். அவள் வீட்டுக்காரர், "நான் உன் கையை மட்டும் கல்யாணம் கட்டிட்டிருந்தா நிம்மதியா இருந்திருப்பேன்" என்று வம்புக்கு இழுப்பார். அவரும் ஒருநாள் கப்பலேறினார். அவருடைய பொதி ஆறியதை அவளே தொட்டாள், அவளே ஊருக்குச் சொன்னாள், பிள்ளையில்லாததால் முழுவதையும் தனியாகவே தின்றாள். மறுநாள் காலை வேலைக்கு வந்துவிட்டாள். கல்நெஞ்சக்காரி என்றது ஊர். ஊருக்கென்ன, வாய்தானே வலிக்கும்.

முப்பது வருடம் அடுப்புத் தட்டை இழுத்ததில் அவள் கைகள் விரல்நுனி வரை மரத்துப்போயின. இது நடந்து இரண்டு வருடமாகிறது. சொல்லியிருக்க வேண்டும். சொன்னால் மாவு மூட்டை உதறத்தான் அனுப்புவார்கள். தொட்டுச் சொல்கிற மரியாதையை விட அவளுக்கு மனம் வரவில்லை. ஆள் இல்லாத சமயம் பார்த்துப் பொதியில் கன்னத்தை வைத்துப் பார்த்துக்கொண்டாள். முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைக்கிற கதைதான், ஆனாலும் மறைத்தாள்.

அன்று காலை துறைமுக மேற்பார்வையாளர் கூடவே நின்றார். கன்னம் வைக்க வழியில்லை. சூடான பொதியில் தேன் கசிந்து மினுங்கும் என்பதால் கண்ணால் பார்த்துக்கொண்டே, சும்மா கையை வைத்துப் போனாள். கப்பல் தச்சனின் பொதியில் மட்டும் மினுக்கம் இல்லை. வெளிறிக் கிடந்தது.

"என்ன, நின்னுட்டீங்க?" என்றார் அவர்.

"ஆறிடுச்சுங்க" என்றாள். அவர் தொட்டுப் பார்க்கவில்லை. அவள் கையை அவ்வளவு நம்பினார்கள்.

தச்சன் மனைவி பாய்மரத் துணி தைக்கிறவள். பொதியும் கையுமாக வாசலில் நின்ற பொதியக்காவைப் பார்த்ததுமே புரிந்துபோய், மடியில் இருந்த துணியை ஓரமாக மடித்து வைத்தாள். அழவில்லை. தட்டு எடுத்துவந்து, பொதியைப் பிட்டு, ஓரத்தை மென்றாள். குளிரில் தெருவழியே வந்த ஓரம், விறைத்துக் கிடந்தது. ஊசி பிடித்துக் காய்த்த விரல்களால் நடுப்பாகத்தை நாலு வயது மகளுக்கு ஊட்டினாள்.

"அம்மா, சுடுது" என்றது குழந்தை.

"இல்லடி கண்ணு. முழுங்கு."

"சுடுதும்மா."

பொதியக்கா பாய்ந்துபோய்க் குழந்தையின் வாயில் விரலை விட்டு அந்தத் துண்டை எடுத்தாள். விரலுக்கு ஒன்றும் தெரியவில்லை. தன் வாயில் போட்டுக்கொண்டாள்.

நாக்குக்குத் தெரிந்தது. சூடு, மங்கலான சூடு, நோய்ப்படுக்கையில் கிடக்கிறவனின் மூச்சைப் போல. இவன் பிழைக்கப் பார்த்துக்கொண்டிருந்தவன். அவள் மெல்லவில்லை, விழுங்கவில்லை, வாயை இறுக மூடிக்கொண்டு நின்றாள். பயனில்லை. அந்தச் சூடு அவள் நாக்கின் மேலேயே குறைந்து, குறைந்து, இல்லாமல் போனது.

"என்னக்கா?" என்றாள் தச்சன் மனைவி.

பொதியக்கா துண்டைக் கையில் உமிழ்ந்தாள். இனி ஒரு பொய்கூட அவளால் முடியாது. "என் கை மரத்துப்போயிடுச்சும்மா. ரெண்டு வருஷமா யார்கிட்டயும் சொல்லல. காலையில உன் வீட்டுக்காரர் உயிரோடதான் இருந்திருக்கார்."

தச்சன் மனைவி தட்டில் கிடந்த தூள்களைக் கூட்டினாள். மகளின் சட்டையில் ஒட்டியிருந்ததைப் பொறுக்கினாள். பொதியக்காவின் உள்ளங்கையிலிருந்து அந்த ஈரத் துண்டை எடுத்து, எல்லாவற்றையும் சேர்த்து உருட்டி, ஓரத்தைக் கட்டைவிரலால் அமுக்கத் தொடங்கினாள். அது உதிர்ந்துகொண்டே இருந்தது.

"நீங்கதானே மூடுவீங்க" என்றாள், அதை நீட்டி. "மூடிக் குடுங்கக்கா."